பழைய ஃபிலிம் ரீல் தேடுறதைத் தொழிலாச் செய்யலாமா?

திருகோணமலை உவர்மலையில இருந்து ஒரு தங்கச்சி கேட்டிருக்கிறா: அம்மப்பா டொக்யார்ட்டில வேலை செய்தவர், அவர்ட தகரப்பெட்டியில கொஞ்ச ரீல் கிடக்கு, வெள்ளைக்காரன் காலத்துப் படம் எண்டு வீட்டில சொல்லீனம், எனக்கும் இதில சரியான விருப்பம், தொழிலாச் செய்யேலுமா எண்டு.

செய்யேலும் தங்கச்சி. ஆனா ரீல் சேர்க்கிறது வேற, ஃபுட்டேஜ் ரிசேர்ச், அதாவது பழைய படக்காட்சியைத் தேடிப் பிடிச்சு அடையாளம் காணுறது, வேற. டொக்கியுமென்டரி எடுக்கிற ஆக்கள் காசு தாறது, இது எந்த இடம், எந்த வருசம், ஆர் எடுத்தது, உரிமை ஆரிட்ட இருக்கு எண்டு உறுதியாச் சொல்ற ஆளுக்குத்தான்.

உங்கட பெட்டியிலயே தொடங்குங்க. புரொஜெக்டரில மட்டும் போட்டுடாதீங்க, சுருங்கின ஃபிலிம் பல்லில மாட்டிக் கிழிஞ்சிடும். மூடியைத் திறந்து மணந்து பாருங்க, வினாகிரி மாதிரிப் புளிச்ச மணம் வந்தா ஃபிலிம் அழியத் தொடங்கிட்டு, அந்த ஆவி பக்கத்து ரீலையும் கெடுக்கும், உடன பிரிச்சு வையுங்க, எங்கட வெக்கைக்கும் ஈரக்காத்துக்கும் இது இன்னும் கெதியா நடக்கும். பிறகு ஓரத்து ஓட்டையைப் பாருங்க. வீட்டுக் கமராவில ஓடின பழைய 8 எம்எம் ஃபிலிமில ஓட்டை பெருசா ரெண்டு படக்கட்டத்துக்கு நடுவில வரும், அதுக்குப் பிறகு வந்த சூப்பர் 8 எண்டா சின்னனா ஒவ்வொரு படக்கட்டத்துக்கும் நேரா நடுவில வரும். சூப்பர் 8 வந்ததே 1965ல, வெள்ளைக்காரன் எங்கட துறைமுகத் தளத்தை விட்டுட்டுப் போனது 1957ல. அப்ப சின்ன ஓட்டை எண்டா வீட்டில சொல்ற கதை பிழை, படம் பிறகு எடுத்தது. இதுதான் இந்த வேலை, கதையை நம்பாம ஃபிலிமைக் கேக்கிறது.

35 எம்எம் ரீல் ஏதும் இருந்து 1950களுக்கு முந்தினதெண்டா வீட்டுக்குள்ள வைக்காதீங்க, நைட்ரேட் எண்ட சுகமாத் தீப்பிடிக்கிற பழைய ஃபிலிமா இருக்கலாம், பத்தினா தண்ணிக்குள்ளயும் எரியும்.

பழகிறதுக்குக் காசு தேவையில்லை. பழைய செய்திப்படம் வச்சிருக்கிற பிரிட்டிஷ் பாத்தே, லண்டனில இருக்கிற இம்பீரியல் வோர் மியூசியம் ரெண்டிலயும் கன பழைய படம் ஒன்லைனில சும்மா பாக்கலாம். திருகோணமலை எண்டு மட்டும் தேடினா காணாது, சிலோன், சைனா பே (எங்கட விமானத்தளம்), ஈஸ்டர்ன் ஃப்ளீட், ஈஸ்ட் இண்டீஸ் ஃப்ளீட் (ரெண்டும் பிரிட்டிஷ் கடற்படைப் பிரிவு) எண்டும் போட்டுத் தேடுங்க, ஜப்பான்காரன் எங்கட ஊரில குண்டு போட்ட 1942 ஏப்ரல் 9 நேரத்துக் கப்பல் படமெல்லாம் அப்பிடியான பேரிலதான் கிடக்கும். ஒவ்வொண்டுக்கும் கிளிப் நம்பர், எத்தனையாவது நிமிசம், என்ன தெரியுது எண்டு எக்செல்லில எழுதிக்கொண்டு வாங்க. லண்டனில இருக்கிற ஆளுக்கு எல்லாம் ஒரே கடற்கரை, உங்களுக்கு அப்பிடியில்ல, கடலைப் பாத்து எடுத்த படத்தில கோணேசர் மலை இடக்கைப் பக்கம் நிண்டா கமரா டச்பேயில, வலக்கைப் பக்கம் எண்டா உப்புவெளிப் பக்கம் எண்டு பாத்த உடன சொல்லுவீங்க. அதுதான் உங்கட முதல்.

உரிமை விசயத்தில வலு கவனம். ரீல் கையில இருக்கு எண்டதுக்காகப் படம் உங்களுக்குச் சொந்தமில்ல. 2003ம் ஆண்டு 36ம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டப்படி ஓடுற படத்துக்குப் பொதுவா எடுத்த இல்லாட்டி முதல் வெளியிட்ட நாளில இருந்து, எது பிந்தினதோ அதில இருந்து, 70 வருசம் வரைக்கும் உரிமை இருக்கு, அம்மப்பா எடுத்ததெண்டா அது அம்மாக்கும் மாமாமாருக்கும் சித்திமாருக்கும் வரும், எல்லாரிட்டயும் கையெழுத்து வாங்குங்க. படம் வச்சிருக்கிற ஆர்க்கைவுக்கு (சேமிப்பகத்துக்கு) போற லைசன்ஸ் காசு எத்தனை செக்கன், எத்தனை நாடு, எத்தனை வருசம் எண்டு பாத்துத்தான் போடுவினம், உங்கட சம்பளம் அதில்ல, நாள் கணக்கு இல்லாட்டி புரொஜெக்ட் கணக்கு, அதை முதலே எழுத்தில கேளுங்க. இப்ப செய்யிற வேலையை விட்டுடாதீங்க, ஓடர் விட்டு விட்டுத்தான் வரும்.

ஸ்கேன் பண்ணக் குடுக்கேக்க ஒவ்வொரு படக்கட்டமா ஸ்கேன் பண்ற இடத்திலயே குடுங்க, சுவரில ஓடவிட்டுக் கமராவால பிடிக்கிற ஆக்களிட்ட வேண்டாம், ஒரிஜினலையும் கட்டாயம் திருப்பி வாங்குங்க.