மீனும் எண்ணெய்ப் புட்டியும்

கேள்வி: பிரெஞ்சுக் கவிஞர் ரேம்போவின் வாழ்க்கையைத் திரைக்கதையாக எழுதி வருகிறேன். பிறப்பு முதல் இறப்பு வரை எழுதி 200 பக்கம் தாண்டிவிட்டது. படித்துப் பார்த்தால் உயிரே இல்லை. ஒருவர் உட்கார்ந்து கவிதை எழுதுவதை எப்படித்தான் காட்டுவது?
– வாசகி ஒருவர்

பதில்: எழுதுவதைக் காட்டவே வேண்டாம், அம்மா. இதே ரேம்போவை எடுத்துக்கொண்ட ஆங்கில நாடகாசிரியர் கிறிஸ்டோபர் ஹாம்ப்டன் என்ன செய்தார் என்று பாருங்கள். ஆக்ஸ்போர்டில் பிரெஞ்சும் ஜெர்மனும் படித்தவர். அவருடைய 'டோட்டல் எக்லிப்ஸ்' நாடகம் 1968-இல் லண்டன் ராயல் கோர்ட் நாடக அரங்கில் மேடையேறியபோது அவருக்கு 22 வயது. பிறகு அவரே அதைத் திரைக்கதையாக்கினார்; படம் 1995-இல் வந்தது. ரேம்போ வாழ்ந்தது 37 வருடம். ஹாம்ப்டன் மனம் வைத்ததோ இரண்டே வருடத்தில். 1871 செப்டம்பரில் 16 வயதுப் பையன் பாரிசுக்கு வந்து, தன்னைவிடப் பத்து வயது மூத்த கவிஞர் வெர்லேனிடம் சேர்வதில் தொடங்கி, 1873 ஜூலையில் பிரஸ்ஸல்ஸில் துப்பாக்கி வெடிப்பது வரை.

அந்தத் துப்பாக்கிக்கு ஒரு வாரம் முன்னால் லண்டன் கேம்டனில் நடந்ததைக் கவனியுங்கள். வெர்லேன் கடைக்குப் போய் ஒரு கையில் மீனும் இன்னொரு கையில் எண்ணெய்ப் புட்டியுமாகத் திரும்பி வருகிறார். ஜன்னலிலிருந்து பார்த்த ரேம்போ அவரைக் கேலி செய்து சிரிக்கிறான். அவ்வளவுதான். வெர்லேன் மேலே போய்ப் பெட்டியைக் கட்டிக்கொண்டு கப்பல் ஏறிவிடுகிறார். மறுநாளே "திரும்பி வா, திரும்பி வா" என்று ரேம்போ அழுது கடிதம் எழுதுகிறான். ஜூலை 10 அன்று பிரஸ்ஸல்ஸில் வெர்லேன் சுட்டதில் ஒரு குண்டு அவனுடைய இடது மணிக்கட்டில் பாய்கிறது. வெர்லேனுக்கு இரண்டு வருடம் சிறை.

இதில் கவிதை எழுதும் காட்சி ஒன்றுகூட இல்லை. ஆனால் இரண்டு கவிஞர்களும் முழுசாகத் தெரிகிறார்கள். எனக்கு அந்த மீனை மறக்கவே முடிவதில்லை. காசில்லாத வீடு, சமைக்க வேண்டிய ராத்திரி, பொறுத்துப் பொறுத்துப் போன மனசு எல்லாம் அதிலேயே இருக்கிறது.

சரி, பிற்காலத்தில் ரேம்போ எத்தியோப்பியாவின் ஹராரில் வியாபாரம் செய்தது, பிரான்சின் மார்செயில் கால் இழந்தது? கடைசியில் சுருக்கமாக வரட்டும். வசனத்துக்குக் கற்பனையை மட்டும் நம்பாதீர்கள். அவர்களுடைய கடிதங்களும், பிரஸ்ஸல்ஸ் நீதிபதியிடம் இருவரும் கொடுத்த வாக்குமூலங்களும் அச்சில் கிடைக்கின்றன. அவற்றைப் படித்துவிட்டு உட்காருங்கள். அந்த 200 பக்கத்தைக் கிழிக்க வேண்டாம், பக்கத்திலேயே இருக்கட்டும். முதல் காட்சியை அந்த ஜன்னலடியில் தொடங்கி எழுதி அனுப்புங்கள். படிக்கக் காத்திருக்கிறேன்.