புளியோதரை உருண்டை எண்ணெயில் பிளப்பது ஏன்?

மீந்த புளியோதரைக்குள் மொசரெல்லா சீஸ் வைத்துப் பொரித்தால் உருண்டை பிளந்து சீஸ் ஒழுகுகிறது என்று கேட்டிருந்தீர்கள். பெங்களூரில் கிடைக்கும் சோனா மசூரி அரிசியில் குறை இல்லை. புளியோதரையில் ஒவ்வொரு பருக்கையிலும் நல்லெண்ணெய் பூசியிருப்பதால் சாதம் ஒட்டாது. எவ்வளவு அழுத்திப் பிடித்தாலும் விரிசல் விழும், அதன் வழியே நீராவி சீஸைத் தள்ளிவிடும்.

மீந்ததை விட்டுவிடுங்கள். இதற்கென்றே 1 கப் அரிசிக்கு 3 கப் தண்ணீர் விட்டு, குக்கரில் குழைய வேகவையுங்கள். (திறந்த பாத்திரம் என்றால் கூடுதல் நேரம் வேண்டும், பெங்களூர் சுமார் 900 மீட்டர் உயரத்தில் இருப்பதால் தண்ணீர் 97 டிகிரியிலேயே கொதித்துவிடும்.) சூட்டிலேயே மசித்து, எண்ணெய் வடித்த புளிக்காய்ச்சல் இரண்டரை மேசைக்கரண்டி கலந்து, தட்டில் பரப்பி ஆறவிட்டு ஒரு மணி நேரம் ஃபிரிட்ஜில் வையுங்கள்.

சீஸை ஈரம் போகத் துடைத்து, 1 செ.மீ. துண்டுகளாக்கி அரை மணி நேரம் ஃபிரீசரில் வையுங்கள். உருண்டைக்கு 40 கிராம் சாதம் போதும். பெரிதானால் மேலே கருகும், நடுவில் சீஸ் உருகாது.

4 கரண்டி மைதா, 1 கரண்டி சோளமாவை தோசைமாவு பதத்தில் கரைத்து, தோய்த்து, பிரெட் தூளில் இருமுறை புரட்டுங்கள். ரஸ்க் தூள் வேண்டாம், அதிலுள்ள சர்க்கரை சீக்கிரம் கருக்கும். எண்ணெய் 175 டிகிரி, ஒரு ஈட்டுக்கு நான்குதான். அதிகம் போட்டால் சூடு இறங்கி எண்ணெய் குடிக்கும்.