ஓரிரு காட்சிகளில் மட்டும் வந்துபோகும் பிரிட்டிஷ் நடிகர்கள் அதையே வாழ்நாள் தொழிலாக எப்படி நடத்துகிறார்கள்?

ஜான் லெ மெஷரரை எடுத்துக்கொண்டால் இது நன்றாக விளங்கும். 1948-ல் சினிமாவுக்கு வந்து, 1983-ல் இறப்பதற்குள் நூறு படங்களுக்கு மேல் நடித்தவர். பெரும்பாலும் நீதிபதி, ராணுவ அதிகாரி, டாக்டர், வக்கீல். 'துணை நடிகர்' என்றால் நம் ஊரில் கூட்டத்தில் நிற்பவரையும் சொல்வோம். இவரைக் குணச்சித்திர நடிகர் என்பதுதான் சரி.

அடித்தளம் மேடை. வக்கீல் அலுவலகத்தில் தொழில் பழகிக்கொண்டிருந்தவர் 1933-ல் லண்டனில் நடிப்புப் பள்ளியில் சேர்ந்தார். பின்னாளில் பெரிய நடிகரான அலெக் கின்னஸ் அங்கே உடன் படித்தவர். அடுத்து ரெப்பர்ட்டரி குழுக்கள். வாராவாரம் நாடகம் மாற்றும் குழுவில் இரவு இந்த வார நாடகம், பகலில் அடுத்த வாரத்துக்கு ஒத்திகை. ஒரு ஆளை நாலைந்து நாளில் உருவாக்கியாக வேண்டும். அவசரத்தில் ஒரே நடை, ஒரே இழுவைக் குரல் என்று கைப்பழக்கம் தொற்றிக்கொள்ளும் ஆபத்தும் இங்கேதான். மேடையில் அது செல்லும், கேமரா காட்டிக்கொடுத்துவிடும்.

கேமரா முன்னால் இன்னொரு கணக்கு. டேக்குக்கு டேக் வசனத்தின் வேறு வேறு சொல்லில் கோப்பையைத் தூக்கினால் தூர ஷாட்டும் க்ளோஸப்பும் ஒட்டாது; எடிட்டர் நாயகன் முகத்துக்குப் போய்விடுவார், சின்ன வேடக்காரர் காணாமல் போவார். லெ மெஷரர் மிகக் குறைவாகச் செய்தார், செய்ததை அளவு மாறாமல் செய்தார். 'ஐயாம் ஆல் ரைட் ஜாக்' (1959) படத்தில் தொழிலாளியின் வேலை வேகத்தை ரகசியமாக அளக்கும் அதிகாரி அவர். தொழிற்சங்கத் தலைவராக வரும் பீட்டர் செல்லர்ஸ் நடத்தும் வேலைநிறுத்தமே அந்த அளவெடுப்பில்தான் கிளம்புகிறது. வேடம் சின்னது, கதை அதன்மேல் நிற்கிறது.

வருமானத்தில் ஒன்றைக் கவனிக்க வேண்டும்: சில நாள் வேலைக்குச் சில நாள் சம்பளம்தான். அதனால் ஆண்டுக்குப் பல படங்கள், நடுவில் டிவி, குரல் வேலை. ஹோம்பிரைட் மாவு விளம்பரத்துக்கும் 'பாட்' குழந்தைத் தொடருக்கும் குரல் கொடுத்தவர் இவரே.

இரண்டாம் உலகப் போரில் ஊர்க்காவலுக்குச் சேர்ந்த தொண்டர் படையைப் பற்றிய டிவி நகைச்சுவைத் தொடர் 'டாட்ஸ் ஆர்மி' வந்தது 1968-ல், அவரது 56 வயதில். அதில் நடிகர் தேர்வு அபாரமானது. பேங்க் மேனேஜர் மெயின்வாரிங் (ஆர்தர் லோ) கேப்டன். அவர் கீழே வேலை செய்யும் வில்சன் (லெ மெஷரர்) சார்ஜென்ட். ஆனால் பெரிய இடத்துப் பிள்ளை, பப்ளிக் ஸ்கூலில் (பிரிட்டனில் அது வசதியானவர்களின் தனியார் பள்ளி) படித்தவர் வில்சன்தான். இந்த வர்க்கக் குமைச்சலை வசனம் பாதிதான் சொல்கிறது. மீதி, சீருடையில் பொத்தானைப் போடாமல் விட்டது, சட்டைக் கையை லேசாக மடித்தது, 'இது சரிப்படுமா சார்?' என்ற அந்த மென்குரல். 1977 வரை 80 பகுதிகள்.

நடுவே 1971-ல் டென்னிஸ் பாட்டர் எழுதிய 'டிரெய்ட்டர்' டிவி நாடகத்தை, மாஸ்கோ ஃபிளாட்டில் குடித்துச் சிதையும் முன்னாள் உளவாளியாகத் தனியாளாகச் சுமந்தார், பிரிட்டனின் பாஃப்டா விருது கிடைத்தது. இரண்டையும் அடுத்தடுத்துப் பாருங்கள். வில்சன் வரும் காட்சிகளை ஒருமுறை சத்தமில்லாமலும் பாருங்கள்: மெயின்வாரிங் உத்தரவு போடும்போது அந்தப் புருவம் எவ்வளவு அசைகிறது என்று.