ஹீரோவா நடிக்காமலேயே உங்களை அசர வச்ச பிரிட்டிஷ் நடிகர் யாரு?

எனக்கு பீட் போஸில்த்வெய்ட் தாங்க. பேரு தெரியலன்னாலும் மூஞ்சிய கண்டிப்பா பாத்திருப்பீங்க. 1997ல வந்த ரெண்டாவது ஜுராசிக் பார்க் படத்துல டி-ரெக்ஸ வேட்டையாடணும்னே வர்ற மொட்டைத்தலை வேட்டைக்காரர், இன்செப்ஷன்ல சாகக் கெடக்குற கோடீஸ்வர அப்பா, ரெண்டும் இவருதான். ஸ்பீல்பெர்க்கே இவர உலகத்துலயே பெஸ்ட் நடிகர்னு சொல்லியிருக்கார்.

1946ல வாரிங்டன்ல பொறந்தவரு, கத்தோலிக்கத் தொழிலாளர் குடும்பம். மொதல்ல பாதிரியார் ஆகணும்னு நெனச்சார், அப்புறம் வாத்தியாரா இருந்தார், அப்புறம்தான் பிரிஸ்டல் ஓல்ட் விக் நாடகப் பள்ளி. 70கள்ல லிவர்பூல் எவ்ரிமேன் தியேட்டர்ல பில் நை, ஜூலி வால்டர்ஸ், ஜோனத்தன் பிரைஸ் இவங்களோட ஒண்ணா மேடை ஏறினவர்.

ஆனா நான் சொல்ல வந்தது அவரு நடிச்ச அப்பாக்கள பத்தி. 1988ல டெரன்ஸ் டேவிஸ் தன் சொந்தக் குடும்பக் கதைய வச்சு எடுத்த 'டிஸ்டன்ட் வாய்சஸ், ஸ்டில் லைவ்ஸ்' பாருங்க, அதுல இவரு பொண்டாட்டி புள்ளைங்கள அடிச்சு நொறுக்குற மனுஷன். கிறிஸ்துமஸுக்கு முந்தின ராத்திரி தூங்குற புள்ளைங்க பக்கத்துல அவ்ளோ பாசமா பரிசு வச்சுட்டுப் போவாரு, மறுநாள் எல்லாரும் சாப்பாட்டு மேசையில உக்காந்திருக்கும்போது திடீர்னு விரிப்ப இழுத்து மொத்தத்தையும் தரையில போட்டுட்டு பொண்டாட்டியப் பாத்து சுத்தம் பண்ணுன்னு கத்துவாரு. ரெண்டு ஆளும் ஒரே ஆள்தான்னு நம்மள நம்ப வைக்கிறாரு பாருங்க, அங்கதான் எனக்கு வயித்தக் கலக்கிடுச்சு.

அஞ்சு வருஷம் கழிச்சு 'இன் த நேம் ஆஃப் த ஃபாதர்'. செய்யாத குண்டுவெடிப்புக்கு மகன் மாட்டிக்கிட்டான்னு காப்பாத்த பெல்ஃபாஸ்ட்ல இருந்து லண்டனுக்கு ஓடி வந்து, தானும் கைதாகி 1980ல கைதியாவே செத்துப்போன ஜூசெப்பே கான்லன் வேஷம் இவருக்கு, அவரு நெஜமா வாழ்ந்த மனுஷர். படத்துல அப்பாவையும் மகனையும் ஒரே செல்லுல காட்டினது சினிமாவுக்காக, நெஜத்துல அப்படி இல்ல. ஆனா அந்த செல்லுக்குள்ள மகனா வர்ற டேனியல் டே-லூயிஸ் கத்திக் குதிச்சு நடிக்க, இவரு கொரல ஒசத்தாம எதிர்ல நிக்கிறாரு. இவருக்கு ஆஸ்கார் நாமினேஷன் வந்துச்சு, விருது 'த ஃப்யூஜிடிவ்'க்காக டாமி லீ ஜோன்ஸுக்குப் போயிடுச்சு, எனக்கு அந்த வருத்தம் இன்னும் இருக்கு.

1996ல 'பிராஸ்ட் ஆஃப்' படத்துல சுரங்கத்த மூடப்போற யார்க்‌ஷைர் ஊர்ல பேண்ட் மாஸ்டர். சுரங்கத் தூசி நுரையீரல அரிச்சிருக்கும், அந்த ஒடம்போட ராயல் ஆல்பர்ட் ஹால் மேடையில ஜெயிச்ச கோப்பைய வேணாம்னு சொல்லிப் பேசுவாரு, அந்தப் பேச்சுக்காகவே படத்த பாக்கலாம்.

ஹாலிவுட் பணம் வந்தப்புறமும் நாடகத்த விடல. 2008ல, 62 வயசுல, அதே எவ்ரிமேனுக்குத் திரும்பிப்போய் கிங் லியர் நடிச்சார், பெத்த பொண்ணுங்களையே தப்பா எடைபோட்டு அழிஞ்சுபோற ராஜா, அதுவும் ஒரு அப்பாதான். நடிப்பு படிக்கிற பசங்க எல்லாம் போய் பாத்திருக்க வேண்டிய நாடகம். 2011 ஜனவரி 2ஆம் தேதி கணையப் புற்றுநோயால காலமானார், 64 வயசுதான்.

மொதல்ல 'இன் த நேம் ஆஃப் த ஃபாதர்' பாருங்க, அதுக்கப்புறம் ஒரு வாரம் கேப் விட்டு 'டிஸ்டன்ட் வாய்சஸ்'. அடுத்தடுத்த நாள் பாத்தா தாங்காது.