உளவியல் கேள்வி-பதில்: வாய் தவறிய சொல்லுக்கு யார் பொறுப்பு?

கேள்வி: நன்றாகத் தெரிந்த பெயர் நாக்கு நுனியில் நிற்கிறது, வெளியே வரமாட்டேன் என்கிறது. பதிலுக்கு வேறு இரண்டு பெயர்கள் வந்து தொல்லை செய்கின்றன. இதற்கெல்லாம் நனவிலி மனம்தான் (நமக்கே தெரியாமல் நமக்குள் இயங்கும் பகுதி) காரணமா?

பதில்: எல்லாவற்றுக்கும் இல்லை. களைப்பும் ஒத்த ஓசையும் போதும், பெயர் நழுவ. நனவிலியைப் பேச்சின் வழியே ஆராயும் உளப்பகுப்பாய்வைத் தொடங்கிய மருத்துவர் ஃபிராய்டே இதை ஒப்புக்கொண்டார்: சும்மா மறக்கிற பெயர்களும் உண்டு, அமுக்கிவைத்த விஷயம் இழுத்துக்கொண்டு போகிற பெயர்களும் உண்டு என்றார்.

இரண்டாவது வகைக்கு அவர் காட்டியது 1898இல் தனக்கே நேர்ந்த மறதி. ஹெர்ஸகோவினா பக்கம் பயணம் செய்தபோது உடன் வந்தவரிடம் இத்தாலியின் ஓர்வியெட்டோ தேவாலயச் சுவரோவியங்களைப் பற்றிப் பேச்செடுத்தார். வரைந்தவர் சிஞ்ஞோரெல்லி. அந்தப் பெயர் வரவில்லை. போட்டிசெல்லி, போல்ட்ராஃபியோ என்ற இரண்டு ஓவியர்கள்தான் வந்தார்கள்.

சற்றுமுன் போஸ்னியா, ஹெர்ஸகோவினாவில் வாழும் துருக்கியர்களைப் பற்றிப் பேசியிருந்தார். பிழைக்க வழியில்லை என்று மருத்துவர் சொன்னாலும் ‘ஹெர்’ (ஜெர்மன் மொழியில் ஐயா) என்று மரியாதையாக அழைத்து விதியை ஏற்பார்கள் என்றார். அவர்கள் பாலின்பத்துக்குத் தரும் மதிப்பைப் பற்றியும் சொல்ல வந்தவர், அந்நியரிடம் வேண்டாமென்று நிறுத்திக்கொண்டார். சில வாரங்களுக்கு முன் ட்ராஃபோய் என்ற ஊரில் இருந்தபோது, தன் நோயாளி ஒருவர் தற்கொலை செய்துகொண்ட செய்தி அவருக்கு வந்திருந்தது. இப்போது அசைகளைப் பாருங்கள். ‘சிஞ்ஞோர்’ என்றால் இத்தாலிய மொழியில் ஐயா, அதாவது ‘ஹெர்’; அது ஹெர்ஸகோவினாவோடு சேர்ந்து அமுங்கியது. ‘எல்லி’ தப்பித்துப் போட்டிசெல்லியில் ஒட்டிக்கொண்டது. ‘போ’ போஸ்னியாவிலிருந்து, ‘ட்ராஃபியோ’ ட்ராஃபோயிலிருந்து. பொருளால் ஓவியர்களுக்கும் அந்தச் சாவுக்கும் உறவே இல்லை. இணைப்பு ஓடியது ஓசை வழியாக.

இதை எல்லோரும் ஏற்கவில்லை. இத்தாலிய மொழிநூலறிஞர் செபஸ்தியானோ டிம்பனாரோ 1974இல் எழுதிய நூலில், ஏட்டைப் படியெடுப்பவர்கள் அரிதான சொல்லின் இடத்தில் பழகிய சொல்லை எழுதிவிடுவதைப் போல, பெயர்பெற்ற போட்டிசெல்லி முந்திக்கொண்டார், அவ்வளவே என்றார். கனமான மறுப்புதான்.

நீங்கள் செய்யக்கூடியது: வந்த தப்பான பெயர்களைத் திருத்தாமல் அப்படியே எழுதுங்கள். ஒவ்வொன்றின் எதிரிலும் முதலில் நினைவுக்கு வருவதை, அபத்தமாக இருந்தாலும், எழுதுங்கள். மறந்ததற்குச் சற்றுமுன் என்ன பேசினீர்கள், எதைச் சொல்ல வந்து விழுங்கினீர்கள் என்று பாருங்கள். ஒன்றும் கிடைக்காவிட்டால் விட்டுவிடுங்கள். வலிந்து தேடினால் எந்தப் பெயரையும் எந்தப் பெயரோடும் கட்டிவிடலாம். இந்த முறையின் பெரிய பலவீனமே அதுதான்.

கேள்வி: கனவில் பாம்பு வந்தால் என்ன அர்த்தம்?

பதில்: உங்கள் பாம்புக்கு என்ன அர்த்தம் என்று பட்டியல் சொல்லாது. ஃபிராய்டின் கனவு நூல் 1899 நவம்பரில் வெளிவந்தது, 1900 என்று அச்சிடப்பட்டு. பின்வந்த பதிப்புகளில் குறியீடுகளைப் பற்றிய பகுதியை அவரே பெருக்கிக்கொண்டு போனது உண்மை. ஆனாலும் கனவு கண்டவர் சொல்வதுதான் முதல், குறியீடு துணைக்கு மட்டும் என்பதில் அவர் மாறவில்லை.

விழித்தவுடன் கனவை எழுதிவிடுங்கள். கதையாகக் கோக்க வேண்டாம். கோத்தாலே மனம் ஓட்டைகளை அடைத்துவிடும். துண்டு துண்டாகப் பிரித்து, ஒவ்வொரு துண்டுக்கும் தோன்றுவதைத் தொடருங்கள். முந்தைய நாளின் அற்ப விஷயம் ஒன்று எங்காவது நுழைந்திருக்கும், அதைக் கண்டுபிடியுங்கள். ‘இது முக்கியமில்லை’ என்று நீங்கள் தாண்டிப்போகிற துண்டில் கொஞ்சம் நில்லுங்கள். பலர் கெடுத்துக்கொள்வது எங்கே என்றால், திருப்தி தருகிற முதல் விளக்கத்தோடு எழுந்துவிடுகிறார்கள்.

கேள்வி: ‘நனவிலி, மொழியைப் போல அமைந்தது’ என்கிறாரே பிரெஞ்சு உளப்பகுப்பாய்வாளர் லக்கான். நனவிலி தமிழ் பேசுமா, பிரெஞ்சு பேசுமா?

பதில்: நனவிலிக்கென்று தனி இலக்கணப் புத்தகம் இருப்பதாக அவர் சொல்லவில்லை. கனவு இரண்டு வேலைகள் செய்வதாக ஃபிராய்ட் கண்டார்: பலவற்றை ஒன்றாகச் செறிப்பது, ஒன்றின் அழுத்தத்தைப் பக்கத்திலுள்ள இன்னொன்றுக்கு இடம்பெயர்ப்பது. லக்கான் 1957இல் முதலாவதை உருவகம் என்றும், இரண்டாவதை நம் இலக்கணத்தின் ஆகுபெயருக்கு நெருங்கிய உத்தி என்றும் வைத்தார். இந்த ஜோடியை மொழியியலறிஞர் யாக்கப்சனிடம் எடுத்தார்; அவர் கணக்கில் உருவகம் ஒப்புமையால் இயங்குவது, மற்றது அண்மையால், அதாவது பக்கத்தில் இருப்பதால். ஆனால் யாக்கப்சன் செறிப்பு, இடப்பெயர்ச்சி இரண்டையுமே அண்மையின் பக்கம் வைத்திருந்தார். இந்த வித்தியாசத்தை அறிமுக நூல்கள் பெரும்பாலும் விழுங்கிவிடுகின்றன.

மொழியியலறிஞர் சொசூரின் படத்தில் குறிப்பீடு (சொல் சுட்டும் பொருள்) மேலே, குறிப்பான் (சொல்லின் ஓசை வடிவம்) கீழே. லக்கான் தலைகீழாக்கினார். ஒரு சொல் அடுத்த சொல்லுக்கு அனுப்புகிறது, பொருள் அடியில் நழுவிக்கொண்டே இருக்கிறது. சிஞ்ஞோரெல்லியில் நடந்ததும் இதுவே.

ஃபிராய்டோடு ஓர் உரசலும் உண்டு. 1915 கட்டுரையில் ஃபிராய்ட், நனவிலியில் இருப்பது பொருட்களின் பதிவு மட்டுமே, சொற்களின் பதிவு முன்நனவில்தான் (நினைத்தால் நினைவுக்கு வரக்கூடிய பகுதியில்தான்) சேர்கிறது என்றார். லக்கானியர்கள் இதற்குச் சமாதானம் சொல்கிறார்கள். எனக்கு அது முழுதாக ஒட்டவில்லை.

கேள்வி: அப்படியானால் ‘நான்’ என்பது யார்?

பதில்: லக்கானின் கண்ணாடிப் பருவம் 6 முதல் 18 மாதம். நிற்கவும் தடுமாறுகிற குழந்தை கண்ணாடியில் முழு உருவத்தைப் பார்த்துக் குதூகலிக்கிறது. அந்த முழுமை வெளியே இருக்கும் பிம்பத்தினுடையது. அதைத் ‘தான்’ என்று ஏற்கிறது. அதற்கு நிஜக் கண்ணாடி கட்டாயமில்லை. இன்னொரு குழந்தையின் உருவமும் போதும். 1936இல் முதலில் பேசியதை 1949இல் விரித்தார்.

பேச்சில் இன்னொரு பிளவு. ‘நான் பொய் சொல்கிறேன்’ என்ற வாக்கியத்தில் பொய் சொல்பவராக வரும் ‘நான்’ ஒன்று; அதை உண்மையாகவே சொல்லிக்கொண்டிருப்பவர் வேறு. இந்த இருவரும் பொருந்தாத இடத்தில்தான் உளப்பகுப்பாய்வு காது கொடுக்கிறது. ‘உண்மையான நானைக் கண்டுபிடியுங்கள்’ என்கிற பயிற்சி வகுப்புகளுக்கு லக்கானைத் துணைக்கு அழைக்க முடியாது.

கேள்வி: நண்பர் வாய் தவறும்போது அதன் பொருளை அவரிடம் சொல்லலாமா?

பதில்: வேண்டாம். 1910இல் ஃபிராய்ட் இதைக் ‘காட்டுப் பகுப்பாய்வு’ என்று கண்டித்தே எழுதினார். அறியாமையால் நோய் வருவதில்லை, அறியவிடாத எதிர்ப்பினால் வருகிறது. விளக்கத்தை முகத்தில் எறிந்தால் எதிர்ப்பு இன்னும் இறுகும். நண்பர் சொன்ன சொல்லை மட்டும் திருப்பிச் சொல்லிப் பேசாமல் இருங்கள். தொடர விரும்பினால் அவரே தொடர்வார்.