மயன் வாழ்ந்தாரா? – கடிதம்

அன்புள்ள ஐயா, வணக்கம். செந்தூலில் எங்கள் ஆலயத் திருப்பணி நடக்கிறது. தமிழ்நாட்டிலிருந்து சிற்பிகள் வந்திருக்கிறார்கள். அதையொட்டி எங்கள் வாட்ஸ்அப் குழுவில் மயனைப் பற்றி நாளுக்கொரு செய்தி வருகிறது. பல்லாயிரம் ஆண்டுக்கு முன் வாழ்ந்த தமிழ் விஞ்ஞானி, கடல்கொண்ட நாட்டுக்காரர், அமெரிக்க மாயர்களுக்கே குரு என்கிறார்கள். கட்டடக்கலை படிக்கும் என் மகனோ "எல்லாம் கட்டுக்கதைம்மா, விடுங்க" என்கிறான். எதை நம்புவது?
– ஒரு வாசகி, கோலாலம்பூர்

அன்புள்ள சகோதரிக்கு,

உங்கள் மகன் சொல்வதில் பாதி சரி. மயன் கதையில் பிறந்தவர். ராமாயணத்தில் மண்டோதரியின் தகப்பனார் அவர்தான், யுகம் மாறி பாரதத்தில் காண்டவ வனம் எரியும்போது அருச்சுனனிடம் அடைக்கலம் புகுந்து உயிர் தப்புகிறவரும் அவர்தான். இப்படி ஒருவருக்குப் பிறந்த ஆண்டு தேடுவது வீண் வேலை. அமெரிக்க மாயர் சமாச்சாரத்துக்குப் பெயர் ஒலிப்பதைத் தவிர ஒரு சான்றும் கிடையாது.

ஆனால் அந்த "விடுங்க" என்பதை என்னால் ஏற்க முடியவில்லை. பொன், வெள்ளி, இரும்பில் முப்புரம் கட்டியவர், உயிர் பிழைத்த நன்றிக்குப் பதினான்கு மாதம் உழைத்துத் தருமருக்குச் சபை எழுப்பியவர், அந்தச் சபையில் தரை எது தண்ணீர் எது என்று தெரியாமல் துரியோதனன் விழுந்தது சின்னப் பிள்ளைக்கும் தெரியும். சிலப்பதிகாரத்தில் கோவலனும் கண்ணகியும் அமர்ந்த கட்டிலைச் சொல்லும்போது இளங்கோ 'மயன் விதித்தன்ன மணிக்கால் அமளி' என்கிறார். தேவதச்சன் விசுவகருமா இருக்கும்போதே, கைவேலையின் உச்சத்தைச் சொல்ல அவருக்கு நினைவு வந்தது ஓர் அசுரனின் பெயர்! கற்பனை மனிதர் ஒருவருக்கு இதைவிடப் பெரிய வாழ்வு என்ன வேண்டும்?

அப்புறம் அவர் பெயரில் நிற்கும் நூல்கள். மயமதம் 36 அத்தியாயம், ஏறக்குறைய 3300 சுலோகம், சம்ஸ்கிருதம். தென்னாட்டுக் கோயில் மரபைச் சேர்ந்தது, சோழர் காலத்தை ஒட்டியது. மனை தேர்வதில் தொடங்கி மரம், ஊர் அமைப்பு, விமானம், சிலையின் அளவு வரை போகிறது. இன்னொரு பக்கம் சூரிய சித்தாந்தம் என்ற வான நூல், தவம் செய்த மயனுக்குச் சூரியனின் அம்சமான ஒருவர் சொல்லிக்கொடுத்ததாகத் தொடங்குகிறது. கட்டடக்காரருக்கு வானநூல் எதற்கு என்று முதலில் தோன்றும். இரண்டு நூலிலும் ஒரு குச்சி வருகிறது, விடை அதில்தான் இருக்கிறது.

சங்கு என்பார்கள். தரையைத் தண்ணீர் ஊற்றி மட்டம் பார்த்துச் சமமாக்கி, நடுவில் அந்தக் குச்சியைச் செங்குத்தாக நட்டு, அதை மையமாக வைத்து ஒரு வட்டம் போடவேண்டும். காலையில் நீண்டு கிடக்கும் நிழல் சுருங்கி வந்து அதன் நுனி வட்டத்தைத் தொடும் இடத்தில் ஒரு புள்ளி. உச்சி கழிந்து நிழல் மறுபக்கம் நீளும்போது நுனி வட்டத்தைத் தொடும் இடத்தில் இன்னொன்று. இரண்டுக்கும் நூல் பிடித்தால் அதுதான் கிழக்கு மேற்கு. கோயில் எந்தப் பக்கம் பார்க்கவேண்டும் என்பதும், சூரியன் எங்கே நிற்கிறது என்பதும் ஒரே குச்சியில் வந்துவிடுகிறது. அறிஞரையும் தச்சரையும் ஏன் ஒரே ஆளாகக் கற்பனை செய்தார்கள் என்று எனக்கு விளங்கியது இதைப் படித்தபோதுதான்.

மகனைச் செய்து பார்க்கச் சொல்லுங்கள், ஒரு திடல் போதும். நம் கடிகாரத்தில் உச்சிப்பொழுது பிற்பகல் 1.15 வாக்கில்தான் வரும், 12 மணியை நம்பி உட்கார்ந்தால் கணக்கு தவறிவிடும். கோலாலம்பூர் நிலநடுக்கோட்டுக்கு வடக்கே 3 பாகைதான் என்பதால் மார்ச் கடைசியில் உச்சி நிழல் குச்சியின் அடிக்குள் ஒடுங்கிவிடும். ஆனாலும் காலைப் புள்ளியும் மாலைப் புள்ளியும் கிடைக்கும், மேகம் மறைக்காதவரை.

கன்னியாகுமரியில் 133 அடி வள்ளுவரை எழுப்பிய கணபதி ஸ்தபதி, மயனை வாழ்ந்த மனிதராகவே நம்பி எழுதினார். அவர் கைத்திறனை வணங்குகிறேன், இந்த நம்பிக்கையில் மட்டும் அவரோடு சேர முடியவில்லை. எனக்கு அதில் ஒரு மனவருத்தமே உண்டு. எத்தனை தலைமுறை வேலை செய்து, பார்த்து, திருத்தி, தன் பெயரைப் போடாமல் 'மயன் சொன்னது' என்று எழுதிவைத்ததோ, அத்தனையையும் ஒரே மேதையின் கணக்கில் எழுதிவிட்டால் அந்த மனிதர்கள் இருந்த இடமே தெரியாமல் போகிறது. பெயர் தெரிந்தவர்களையாவது சொல்கிறோமா? 1010இல் முடிந்த தஞ்சைப் பெரிய கோயிலின் கல்வெட்டிலேயே தலைமைத் தச்சரின் பெயர் இருக்கிறது: வீரசோழன் குஞ்சரமல்லனான இராஜராஜப் பெருந்தச்சன். எந்த வாட்ஸ்அப் குழுவிலும் அவரைப் பற்றி ஒரு வரி நான் பார்த்ததில்லை.

சரி, உங்களிடம் ஒன்று கேட்கிறேன். குடமுழுக்கு முடிந்ததும் தலைவர், செயலாளர், நன்கொடையாளர் பெயரெல்லாம் போட்டுக் கல்வெட்டு வைப்பீர்கள். இப்போது சாரத்தின்மேல் நின்று சுதை வேலை செய்துகொண்டிருக்கிறார்களே, அவர்கள் ஒவ்வொருவரின் பெயரையும் ஊரையும் அதே கல்லில், அதே அளவு எழுத்தில் வெட்டச் சொல்லி நிர்வாகத்திடம் இப்போதே பேசுங்கள். அவர்கள் ஊருக்குத் திரும்பிய பிறகு யாரும் தேடிப் போகப்போவதில்லை.

அன்புடன்,
பினாங்கிலிருந்து