யாரும் குடியிராத நார்கொண்டம் தீவில் ஆடுகள் எப்படி வந்தன, அவற்றால் என்ன கேடு?

அந்தமானுக்குக் கிழக்கே, 7 சதுர கிலோமீட்டருக்கும் சற்றுக் குறைவான பரப்பில், உறங்கும் எரிமலையாக எழுந்து நிற்கும் நார்கொண்டத்தில் நிரந்தரக் குடிகள் எவருமில்லை. 1969-இல் அமைந்த காவல் சாவடியின் காவலர்கள் மட்டுமே முறைமாற்றித் தங்கிவந்தனர். உணவுக்காகக் கொண்டுசெல்லப்பட்ட ஆடுகள் பெருகி, காட்டின் இளமரக்கன்றுகளை மேய்ந்தன. ஜவ்வாது மலையடிவாரத்தில் ஆடு வாய்வைத்த கன்றைப் பார்த்த வேலூர்க்காரர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

உலகில் வேறெங்கும் காணக் கிடைக்காத நார்கொண்டம் இருவாச்சிப் பறவை, அத்திப் பழங்களையும் முதிர்ந்த மரங்களின் பொந்துகளையும் நம்பியே வாழ்கிறது. பெட்டை பொந்துக்குள் தன்னை அடைத்துக்கொள்ள, செம்பழுப்புத் தலையுடைய ஆண் ஒரு சிறு பிளவின் வழியே இரை ஊட்டும். கன்று மரமாகாவிட்டால் பொந்து ஏது? பின்னாளில் பெரும்பாலான ஆடுகள் தீவிலிருந்து அகற்றப்பட்டன.